ஊர்க் கணக்கு எழுதிய குமரப்பா

முனைவர் பட்ட ஆய்வுக்காக 1980-களின் தொடக்கத்தில் திருமங்கலம் வட்டாரத்துக் கரிசல் கிராமங்களில் வீடுவீடாகச் சென்று கணக்கெடுத்தேன். உழவர் கடன்தான் ஆய்வுப் பொருள். நில அளவு, பயிர், விளைச்சல், உரச் செலவு, மருந்துச் செலவு, வாங்கிய கடன், கட்டிய வட்டி என ஒவ்வொன்றுக்கும் அச்சிட்ட வினாப்பட்டியலில் ஒரு கட்டம் இருந்தது. முதிய விவசாயி ஒருவர் தம் பருத்திக் காட்டைப் பற்றிப் பேசும்போது, முன்பெல்லாம் கோடையில் ஆட்டுக்கிடை போட்டதையும், கண்மாயிலிருந்து கரம்பை மண் அடித்ததையும், வண்டி வண்டியாக எரு கொட்டியதையும் விவரித்தார். மாடுகளை விற்ற பிறகு எல்லாம் நின்றுபோயிற்று என்றார். உரத்துக்காகக் கடன் வாங்கத் தொடங்கியதும் அதன் பிறகுதான் என்றார். இதை எழுத என் பட்டியலில் கட்டம் இல்லை. ஓரத்தில் பென்சிலால் குறித்துக்கொண்டேன். அட்டவணை தயாரித்தபோது, எண்ணாக மாற்ற முடியாத குறிப்பு என்று அதை விட்டுவிட்டேன்.

அந்தப் பெரியவரின் கடனுக்கான காரணம் அந்தப் பென்சில் குறிப்பில்தான் இருந்தது. இது எனக்கு உறைத்தது, பணி ஓய்வுக்குப் பிறகு ஜே.சி. குமரப்பாவின் நூல்களை முழுமையாகப் படித்தபோதுதான். முப்பது ஆண்டுகளுக்கும் மேலாகப் பொருளியல் கற்பித்தவன் நான். இந்தியப் பொருளியல் சிந்தனை வரலாறு என்னும் தாளில் காந்தியடிகளுக்குக் கீழே ஓர் உட்தலைப்பாக அவர் வருவார். அந்த அரைப் பக்கத்தைத்தான் ஆண்டுதோறும் நடத்தினேன். இத்தனைக்கும் அவர் தம் இறுதிக் காலத்தைக் கழித்தது டி. கல்லுப்பட்டியில். என் ஊருக்குப் பேருந்தில் போகும் வழியில்தான் அவர் வாழ்ந்த காந்தி நிகேதன் ஆசிரமம் இருக்கிறது. படிக்கும் காலத்திலும் பணிக்காலத்திலும் ஒருமுறைகூட நான் அங்கு இறங்கியதில்லை.

குமரப்பா 1892 ஜனவரி 4 அன்று தஞ்சாவூரில் ஒரு கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தார். ஜோசப் செல்லதுரை கொர்னேலியஸ் என்பது பெற்றோர் இட்ட பெயர். தந்தை பொதுப்பணித் துறையில் பணியாற்றியவர். கண்டிப்பும் பக்தியும் ஆங்கிலக் கல்வியும் நிறைந்த வீடு அது. லண்டன் சென்று கணக்குத் தணிக்கை பயின்று தேர்ந்த அவர், நாடு திரும்பி பம்பாயில் சொந்தமாகத் தணிக்கை நிறுவனம் நடத்தினார். நல்ல வருமானம், மேல்நாட்டு உடை, மேல்நாட்டுப் பழக்கம் என்று வாழ்ந்தவருக்குக் கிராமத்தைப் பற்றி எண்ணிப் பார்க்கவேண்டிய தேவையே இருக்கவில்லை.

1927-இல் அமெரிக்கா சென்றார். சிரக்யூஸ் பல்கலைக்கழகத்தில் வணிக நிர்வாகம் படித்துவிட்டு, நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் பொருளியல் முதுகலையில் சேர்ந்தார். பொதுநிதியியலில் அந்நாளில் உலகப் புகழ்பெற்ற செலிக்மன் அவருடைய பேராசிரியர். இந்தியா ஏன் ஏழ்மையில் இருக்கிறது என்பது பற்றி குமரப்பா ஒரு தேவாலயத்தில் பேசிய செய்தி நாளிதழில் வந்தது. அதைப் பார்த்த செலிக்மன், அதையே ஆய்வுப் பொருளாக எடுத்துக்கொள்ளும்படி சொன்னார். ஒரு தணிக்கையாளர் நிறுவனத்தின் பேரேட்டைப் புரட்டுவதுபோலவே, பிரிட்டிஷ் இந்திய அரசின் வரவு செலவைப் புரட்டினார் குமரப்பா. வரி எங்கிருந்து வருகிறது, எங்கே போகிறது என்ற இரண்டே கேள்விகள். வரியின் பெரும் சுமை நிலத்தை உழுபவன் தலையில் விழுந்தது. அந்தப் பணத்தில் பெரும்பகுதி ராணுவத்துக்கும் கடன் வட்டிக்கும் அதிகாரிகளின் ஊதியத்துக்கும் போனது. கல்விக்கும் நலவாழ்வுக்கும் மிஞ்சியது மிகச் சிறிது. அதுவரை அரசியலில் நாட்டமில்லாதிருந்தவரை இந்தக் கணக்கு மாற்றிவிட்டது. குடும்பத்தின் முன்னோர் பெயரான குமரப்பா என்பதைத் தம் பெயராக ஏற்றுக்கொண்டதும் இந்தக் காலத்தில்தான்.

அந்த ஆய்வேட்டை அச்சிட வழி தேடியபோதுதான் காந்தியடிகளின் தொடர்பு கிடைத்தது. 1929 மே மாதம் சபர்மதி ஆசிரமத்தில் இருவரும் சந்தித்தனர். மேல்நாட்டு உடையில், கையில் தடியுடன் போன குமரப்பா, மரத்தடியில் தரையில் அமர்ந்து நூற்றுக்கொண்டிருந்த முதியவரைச் சற்றுநேரம் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். குறித்த நேரம் வந்ததும் அந்த முதியவரே பேச்சைத் தொடங்க, இவர்தான் காந்தி என்று உணர்ந்து, உடை கசங்குவதைப் பொருட்படுத்தாமல் சாணம் மெழுகிய தரையில் அமர்ந்தார். ஒருவர் நாற்காலி கொண்டுவந்தும் அதை ஏற்கவில்லை. காந்தியடிகள் அந்த ஆய்வைத் தமது ‘யங் இந்தியா’ இதழில் தொடராக வெளியிட்டார். கூடவே ஒரு வேலையும் கொடுத்தார். அரசாங்கத்தின் கணக்கைப் பார்த்தாயிற்று, இனி கிராமத்தின் கணக்கைப் பார்க்கவேண்டும் என்பது அதன் பொருள்.

குஜராத்தின் கேடா மாவட்டத்தில் உள்ள மாதர் வட்டம் அந்தக் களம். 1929-இன் இறுதியில் குஜராத் வித்யாபீட மாணவர்களை அழைத்துக்கொண்டு 54 கிராமங்களில் ஆய்வு செய்தார். அவருக்குக் குஜராத்தி தெரியாது. மாணவர்கள் கேட்டுச் சொல்ல, இவர் எழுதினார். நிலம், கால்நடை, கிணறு, கடன், உணவு, வரி என்று குடும்பம் குடும்பமாகத் திரட்டிய விவரங்கள் 1931-இல் நூலாக வந்தன. இந்தியாவில் கிராமப் பொருளாதாரத்தை நேரில் சென்று ஆராய்ந்த தொடக்ககால ஆய்வுகளுள் அது ஒன்று. ஓர் ஊரில் எவ்வளவு விளைந்தது என்பதோடு அவர் நிற்கவில்லை. விளைந்ததில் வட்டியாகவும் வரியாகவும் ஊரைவிட்டு வெளியேறியது எவ்வளவு, உழுதவன் வீட்டில் மிஞ்சியது எவ்வளவு என்றும் கேட்டார். பல குடும்பங்களுக்கு உழவு நட்டத் தொழில் என்பதும், அந்த நட்டத்தை அரைவயிற்று உணவும் கடனும் ஈடுகட்டின என்பதும் அவருடைய கணக்கில் தெரிந்தன.

அந்த வேலை முடியும் தறுவாயில் 1930 மார்ச்சில் தண்டி யாத்திரை தொடங்கி அதே கேடா மாவட்டத்தின் வழியாகவே சென்றது. காந்தியடிகள் கைதான பிறகு ‘யங் இந்தியா’வை நடத்தும் பொறுப்பு குமரப்பாவிடம் வந்தது. 1930-களின் தொடக்கத்தில் இருமுறை சிறை சென்றார். இடையே 1931-இல், இந்தியாவுக்கும் பிரிட்டனுக்கும் இடையிலான கடன் பொறுப்புகளை ஆராயக் காங்கிரஸ் நியமித்த நால்வர் குழுவை ஒருங்கிணைத்தார். இந்தியாவின் பெயரில் எழுதப்பட்டிருந்த பொதுக்கடனில் எவ்வளவு உண்மையில் இந்தியாவுக்காகச் செலவானது, எவ்வளவு பேரரசின் போர்களுக்கானது என்று வரிவரியாகப் பிரித்துப் பார்த்த அறிக்கை அது.

அவருடைய கண்டிப்புக்கு பிகார் சாட்சி. 1934 ஜனவரி 15 அன்று நிகழ்ந்த பெரும் நிலநடுக்கத்தில் வட பிகார் நிலைகுலைந்தது. ராஜேந்திர பிரசாத் தலைமையிலான நிவாரணக் குழுவின் நிதிப் பொறுப்பு குமரப்பாவிடம் ஒப்படைக்கப்பட்டது. தொண்டர் ஒருவரின் ஒருநாள் உணவுச் செலவு மூன்று அணாவைத் தாண்டக்கூடாது என்று விதித்தார். காந்தியடிகள் பரிவாரத்துடன் வந்தபோது, அவர்களுடைய செலவை நிவாரண நிதியிலிருந்து தர முடியாது என்று சொல்லிவிட்டார். மக்கள் இடிபாடுகளில் கிடப்பவர்களுக்காகக் கொடுத்த காசு அது, வந்துபோகிறவர்களுக்கு உரியதன்று என்பது அவர் வாதம். காந்தியடிகள் அதை ஏற்றுக்கொண்டார். நிவாரண நிதிகளின் கணக்கு கேட்டால் முகம் சுளிக்கும் நம் காலத்தில் இந்த நிகழ்ச்சியை நினைவூட்டுவதில் தவறில்லை.

அதே ஆண்டு டிசம்பரில் வார்தாவில் அகில இந்திய கிராமத் தொழில்கள் சங்கம் தொடங்கப்பட்டு, குமரப்பா அதன் செயலாளரானார். ஜம்னாலால் பஜாஜ் வழங்கிய தோட்டம் மகன்வாடி என்ற பெயரில் சங்கத்தின் இடமாயிற்று. அடுத்த பல ஆண்டுகள் அங்கு நடந்தவை, மேடையில் பேசுவதற்கு உகந்தவையல்ல. செக்கு, உரல், திரிகை, சூளை, தேன்கூடு, சாணம், சோப்பு, கையால் செய்யும் காகிதம், வெல்லம் ஆகியவற்றோடு மல்லுக்கட்டும் வேலை அது. செக்கை இழுக்கும் மாட்டுக்குச் சிரமம் குறையவேண்டும், எண்ணெய் கூடுதலாக இறங்கவேண்டும். அதற்கு மரத்தின் வடிவத்தை எப்படி மாற்றுவது என்று சோதித்தார்கள். புகை குறைந்த அடுப்பைச் செய்தார்கள். மண்ணெண்ணெய்க்குப் பதிலாகத் தாவர எண்ணெயில் எரியும் ‘மகன் தீபம்’ என்ற விளக்கை உருவாக்கினார்கள்.

இந்த விளக்கில்தான் குமரப்பாவின் பொருளியல் முழுதும் அடங்கியிருப்பதாக எனக்குத் தோன்றுகிறது. மண்ணெண்ணெய் வாங்கக் கொடுக்கும் காசு அன்றே ஊரைவிட்டுப் போய்விடும், திரும்பாது. ஊரில் விளைந்த எள்ளையோ வேறு வித்தையோ ஊர்ச் செக்கில் ஆட்டினால், ஆட்டுபவருக்குக் கூலி கிடைக்கும். பிண்ணாக்கு மாட்டுக்குப் போகும். மாட்டின் சாணம் வயலுக்குப் போகும். வயல் மறுபடியும் எள் தரும். விலையை மட்டும் ஒப்பிட்டால் மண்ணெண்ணெய் மலிவாக இருக்கலாம். ஆனால் அந்த விலைக்குள் ஆட்டுபவரின் வேலையோ பிண்ணாக்கோ எருவோ வருவதில்லை. அரிசி ஆலைகளைப் பற்றியும் அவர் இதே வழியில் வாதிட்டார். தீட்டிய அரிசியில் தவிடும் அதிலுள்ள சத்தும் போய்விடுகின்றன. குத்துக்கூலி போய்விடுகிறது. தவிடு ஊரில் தங்காததால் மாட்டின் தீவனம் குறைகிறது. மாடு குறைந்தால் எரு குறைகிறது. என் பென்சில் குறிப்பில் அந்த முதியவர் சொன்ன கதையும் இந்தச் சங்கிலியின் கடைசிக் கண்ணிதான்.

1938-இல் நேரு தலைமையில் அமைந்த தேசியத் திட்டக் குழுவில் குமரப்பாவும் உறுப்பினர். பெருந்தொழிலே முதன்மை என்ற அதன் போக்கில் உடன்பாடின்றிச் சில மாதங்களிலேயே விலகினார். குறைகூறிவிட்டு ஒதுங்கியவரல்லர். அடுத்து மத்திய மாகாணத்திலும் பெராரிலும் 606 கிராமங்களில் தொழில் ஆய்வு நடத்தி அறிக்கை கொடுத்தார். வடமேற்கு எல்லை மாகாணத்துக்கும் ஒரு வளர்ச்சித் திட்டம் வகுத்தார். ஊர்களைப் பார்க்காமல் திட்டம் எழுதக்கூடாது என்பதை இறுதிவரை விடாப்பிடியாகக் கடைப்பிடித்தார்.

இரண்டாம் உலகப் போரின்போது அரசு இந்தியாவில் தானியமும் துணியும் வாங்கிக் குவித்து, அதற்கு ஈடாக லண்டனில் பற்று எழுதிக்கொண்டு, இங்கே காகித ரூபாயை அச்சிட்டது. விலைகள் ஏறின. விளைபொருளைக் கொடுத்துவிட்டு மதிப்பிழக்கும் காகிதத்தை வாங்கும் கிராமத்தான் ஏமாறுகிறான் என்று குமரப்பா எழுதினார். அரசு அவரைச் சிறையில் அடைத்தது. 1943-இல் வங்கத்தில் பஞ்சம் மனிதர்களைக் கொத்துக்கொத்தாகக் கொன்றபோது, விலையேற்றம் ஏழையின் சோற்றை எப்படிப் பறிக்கும் என்பதை நாடே பார்த்தது.

ஜபல்பூர் சிறையில் இரண்டு நூல்களை எழுதினார். ஒன்று இயேசுவின் வாழ்வையும் போதனையையும் பற்றியது. மற்றொன்று நிலைத்த பொருளாதாரம் என்று தமிழில் சொல்லத்தக்க நூல். இரண்டுக்கும் காந்தியடிகள் முன்னுரை வழங்கியதோடு, கிராமத் தொழில்களின் டாக்டர் என்ற பட்டத்தையும் தாமே அவருக்குச் சூட்டினார். இயற்கையில் காணும் வாழ்முறைகளைக் கொண்டு பொருளாதாரத்தை ஐந்தாகப் பகுத்தது அந்த நூல். ஆட்டைக் கொன்று தின்னும் புலியின் முறை ஒன்று. எதையும் நடாமல் தோப்பில் பழம் பறிக்கும் குரங்கின் முறை மற்றொன்று. தேன் எடுக்கும்போதே மகரந்தம் சேர்த்துத் தரும் தேனீயின் முறை, தனக்காக அன்றிக் கூட்டுக்காகச் சேர்க்கும் முறை, எதிர்பார்ப்பின்றிக் குஞ்சுக்கு இரை தேடும் தாய்ப்பறவையின் முறை என்று அது மேலேறிச் செல்கிறது. பூமியில் எடுக்க எடுக்கத் தீர்ந்துபோகும் நிலக்கரி, எண்ணெய், கனிமங்கள் ஆகியவற்றின்மேல் கட்டிய பொருளாதாரம் போட்டியிலும் போரிலும் முடியும் என்றும், மழையாலும் வெயிலாலும் மறுபடி மறுபடி புதுப்பிக்கப்படுவதன்மேல் கட்டியதே நிலைக்கும் என்றும் அவர் வாதிட்டார். சூழலியல் என்ற சொல் நம் பாடத்திட்டங்களுக்குள் வருவதற்குப் பல்லாண்டுகளுக்கு முந்தைய எழுத்து இது.

கிராமத்தைப் போற்றிய இவர் கிராமத்தில் யாருக்கு நிலம் இருக்கிறது என்ற கேள்வியைத் தவிர்த்தார் என்று நானும் ஒரு காலத்தில் எண்ணியிருந்தேன். அது என் அறியாமை. விடுதலைக்குப் பின் காங்கிரஸ் நியமித்த விவசாயச் சீர்திருத்தக் குழுவின் தலைவர் குமரப்பாதான். 1949-இல் வந்த அதன் அறிக்கை, அரசுக்கும் உழுபவனுக்கும் இடையில் நிற்கும் இடைத்தரகர் அனைவரும் நீங்கவேண்டும் என்றது. விதவைகள், சிறுவர்கள், உடல் ஊனமுற்றோர் தவிர வேறு எவரும் நிலத்தைக் குத்தகைக்கு விடக்கூடாது என்றது. ஒரு குடும்பம் கண்ணியமாக வாழத் தேவையான நிலத்தைப்போல் மூன்று மடங்குக்கு மேல் யாரிடமும் நிலம் இருக்கக்கூடாது என்றது. சிறு நிலங்களைக் கூட்டுறவாகச் சேர்த்துப் பயிரிடவேண்டும் என்ற பரிந்துரைக்குக் குழுவிலேயே எதிர்ப்பு இருந்தது. மாநில அரசுகள் அதிலிருந்து வேண்டியதை மட்டும் எடுத்துக்கொண்டன. தமிழ்நாட்டில் நில உச்சவரம்புச் சட்டம் 1961-இல் வந்தது. ஐவர் கொண்ட குடும்பத்துக்கு 30 தர ஏக்கர் என்றிருந்த வரம்பு 1970-இல் 15 ஆனது. சட்டம் வருவதற்கு முன்பே நிலம் பல பெயர்களுக்கு மாறிக்கொண்டது என்பது நாடறிந்த கதை.

அதன் பிறகு ஆட்சியாளர்களுக்கு அவர் வேண்டாதவரானார். டிராக்டர் சாணம் போடாது என்று அவர் சொல்லிக் காட்டியதை வேடிக்கையாக எடுத்துக்கொண்டார்கள். ரசாயன உரம் முதலில் விளைச்சலைக் கூட்டினாலும் நாளடைவில் மண்ணை மெலியச் செய்யும் என்ற எச்சரிக்கையையும் யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. வார்தாவுக்கு அருகே சேல்டோ என்னும் ஊரில் பண்ணை என்ற தமிழ்ச் சொல்லையே பெயராக வைத்து ஓர் ஆசிரமம் தொடங்கி, சிறு நிலத்தில் சோதனைகள் செய்தார். சீனாவுக்கும் ஜப்பானுக்கும் சோவியத் நாட்டுக்கும் சென்று அங்குள்ள கிராமங்களைப் பார்த்துவந்தார். ரத்த அழுத்தம் உடலை வாட்டியது. திருமணம் செய்துகொள்ளாதவர். 1950-களின் நடுவில் தமிழ்நாட்டுக்குத் திரும்பி, கோ. வேங்கடாசலபதி 1940-இல் நிறுவிய டி. கல்லுப்பட்டி காந்தி நிகேதனில் ஒரு சிறு குடிலில் தங்கினார்.

அந்தக் குடிலில் காந்தியடிகளின் படத்தோடு ஓர் ஏழை விவசாயியின் படமும் இருந்ததாகச் சொல்வார்கள். பார்க்க வருபவர்களிடம் காந்தியைத் தம் எஜமானர் என்று காட்டுவாராம். அடுத்த படத்திலிருப்பவர் யார் என்று கேட்டால், அவர் தம் எஜமானருக்கு எஜமானர் என்பாராம். 1960-இல், காந்தியடிகள் சுடப்பட்ட அதே ஜனவரி 30 அன்று குமரப்பா மறைந்தார்.

அவரைப் படித்து முடித்த பிறகும் எனக்கு மனத்தாங்கல்கள் உண்டு. மறைப்பது நேர்மையன்று. என் அப்பத்தா விடியலுக்கு முன் எழுந்து கம்பு குத்துவார். உலக்கை பிடித்துப் பிடித்து அவருடைய உள்ளங்கை காய்த்துப்போயிருந்தது. எங்கள் ஊருக்கு மில் வந்தபோது மிகவும் மகிழ்ந்தவர் அவர்தான். மில்லால் ஊர் எதை இழந்தது என்று குமரப்பா காட்டும் கணக்கு சரியானதே. ஆனால் அந்தக் கணக்கின் எதிர்ப்பக்கத்தில் அப்பத்தாவின் தோள்வலியும் எழுதப்பட வேண்டும். கருவிகளைத் திருத்தி உழைப்பின் சுமையைக் குறைக்க மகன்வாடி முயன்றது உண்மை. அது எங்கள் வீட்டு முற்றம்வரை வந்து சேரவில்லை என்பதும் உண்மை.

சாதி குறித்தும் அப்படித்தான். கிராமம் குறுகிய மனமும் சாதிக் கொடுமையும் குடியிருக்கும் இடம் என்று 1948-இல் அரசியல் நிர்ணய சபையில் அம்பேத்கர் சாடினார். குமரப்பா பிறந்த தஞ்சை மாவட்டத்தில், அவர் மறைந்து எட்டு ஆண்டுகள் கழித்து, 1968 டிசம்பர் 25 அன்று, கூலி உயர்வு கேட்ட போராட்டத்தின் முடிவில் கீழவெண்மணியில் 44 பேர் குடிசைக்குள் எரிக்கப்பட்டார்கள். ஊருக்குள் பணம் சுற்றினால் போதுமா, யார் கையிலிருந்து யார் கைக்குச் சுற்றுகிறது என்று பார்க்கவேண்டாமா என்ற கேள்வியை அந்தச் சாம்பல் கேட்கிறது. 1949 அறிக்கையில் குமரப்பா அதற்குப் பாதி விடை எழுதியிருந்தார். நிலம் கிடைக்காதவனுக்குத் தன்னிறைவுக் கிராமத்தில் என்ன இடம் என்பதை அவருடைய மற்ற எழுத்துகள் போதிய அளவு பேசவில்லை. 1960-களின் உணவுப் பஞ்சத்தின்போது கப்பலில் வந்த கோதுமைக்காகக் கடையில் வரிசையில் நின்ற குடும்பங்களில் எங்களுடையதும் ஒன்று. புதிய விதையும் உரமும் அந்த வரிசையைக் குறைத்தன என்பதை மறுக்கும் துணிவு எனக்கு இல்லை.

ஆயினும், செக்குக்கும் உலக்கைக்கும் திரும்பவேண்டும் என்பதை அவருடைய வாழ்வின் பாடமாக நான் கொள்ளவில்லை. கணக்கை முழுமையாக எழுதவேண்டும் என்பதே நான் கொள்ளும் பாடம். இன்று ஆண்டுக்கு ஆறு முறை நம் ஊராட்சிகளில் கிராமசபை கூடுகிறது. ஊராட்சியின் வரவு செலவு வாசிக்கப்படுகிறது. அது அரசு கொடுத்த பணத்தின் கணக்கு, ஊரின் கணக்கு ஆகாது. இந்த ஆண்டு ஊர் விளைவித்தது எவ்வளவு, வட்டியாக வெளியே போனது எவ்வளவு, உரத்துக்கும் மருந்துக்கும் விதைக்கும் போனது எவ்வளவு, கண்மாயில் எத்தனை மாதம் நீர் நின்றது, எத்தனை மாடுகள் குறைந்தன, எத்தனை பேர் திருப்பூருக்கும் கோவைக்கும் வேலைக்குப் போனார்கள், உழுத நிலம் யார் பெயரில் இருக்கிறது, வயலிலும் வீட்டிலும் பெண்கள் எத்தனை மணிநேரம் உழைத்தார்கள் என்று ஒரு பக்கத்துக்குள் எழுதிப் படித்தால் போதும். கல்லூரி மாணவர்கள் பத்துப் பேர் இருந்தால் ஓர் ஊருக்கு ஒரு வாரம் ஆகும். மாதரில் மொழி தெரியாத ஒருவர் 54 ஊர்களில் செய்த வேலை இது. மொழி தெரிந்த நாம் நம் ஊரில் செய்யலாம்.

சென்ற ஆண்டு ஒருநாள் பேருந்தைவிட்டு டி. கல்லுப்பட்டியில் இறங்கினேன். ஆசிரமத்து மரங்களின் கீழ் சற்றுநேரம் உட்கார்ந்திருந்தேன். வீடு திரும்பியதும் பரணிலிருந்து பழைய வினாப்பட்டியல்களின் கட்டை இறக்கிப் பிரித்தேன். அந்த முதியவரின் தாளில் பென்சில் எழுத்து மங்கியிருந்தாலும் படிக்க முடிந்தது. ஆட்டுக்கிடை, கரம்பை, எரு வண்டி, அதன் கீழே மாடு விற்ற ஆண்டு. கடனுக்கான கட்டத்தில் அவர் முதன்முதலாகக் கடன் வாங்கிய ஆண்டும் இருந்தது. இரண்டுக்கும் இடையே ஒரே ஒரு போகம்தான் இடைவெளி. இத்தனை ஆண்டுகளாக இரண்டு எண்களும் ஒரே தாளில்தான் இருந்திருக்கின்றன.